சீட்டு ஒட்டிய பாட்டில்

தஞ்சாவூர்
5.11.2025

செம்மொழியின் அப்பாவுக்கு,

இந்த நேரத்தில் எழுதுவதற்கு மன்னியுங்கள். ராத்திரி மணி ஒன்றே முக்கால். பகலெல்லாம் நின்றுகொண்டே போய்விட்டது. இப்போதுதான் வார்டு வாசலில் தரையில் உட்கார ஓர் இடம் கிடைத்தது. அம்சம் அண்ணி முதல் பஸ்ஸில் ஊருக்குத் திரும்புகிறார். அதற்குள் எழுதிக் கொடுத்துவிட வேண்டும்.

முதலில் குழந்தை. நேற்றுப் பகல் பதினொரு மணிக்கு மூச்சுக்காக வைத்திருந்த குழாயை எடுத்தார்கள். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தாள். சத்தம் வரவில்லை, உதடு மட்டும் அசைந்தது. மூன்று வயதுப் பிள்ளையின் கையில் எத்தனை ஊசித் துளை! இனி வலிப்பு வராவிட்டால் பயமில்லை என்கிறார் டாக்டர் ஷமீரா. இங்கே படித்துக்கொண்டே வேலை பார்க்கும் சின்ன வயசு டாக்டர். அவர் ஒருவர்தான் என்னை உட்காரச் சொல்லிப் பேசுகிறார்.

ஞாயிற்றுக்கிழமை ஆஸ்பத்திரி வாசலில் எல்லார் முன்னாலும் என் அண்ணன் உங்களை அடித்தது தப்பு. நான் தடுக்காமல் நின்றதும் தப்பு. அதற்காகப் போனை அணைத்து வைத்துவிட்டு மதகடிக் குடியிருப்பில் போய் உட்கார்ந்துகொள்வீர்களா? மதகில் உங்களோடு வேலை பார்க்கும் குஞ்சிதபாதம் அண்ணன் நம்பருக்கு அடித்தேன். “ஷட்டர் மேல நிக்கிறான்மா. உம் பேரச் சொன்னதும் கையெடுத்துக் கும்புடுறான். பேச வரமாட்டேங்கிறான்” என்றார்.

நான் கேட்க வேண்டியது ஒன்றுதான். சனிக்கிழமை சாயங்காலம் நான் பக்கத்துத் தெருவில் டியூஷன் எடுத்துக்கொண்டிருந்தேன். குழந்தைக்கு உடம்பு கொதிக்கிறது என்று போன் செய்தீர்கள். மேல் அலமாரியில் காய்ச்சல் சிரப் இருக்கிறது, ஒரு ஸ்பூன் கொடுங்கள் என்றேன். அங்கே இரண்டு பாட்டில் இருந்தன. ஒன்று அன்று காலை வாங்கிய சிரப். இன்னொன்றில் ‘விஷம்’ என்று சிவப்பு மையில் கொட்டை எழுத்தில் எழுதிச் சீட்டு ஒட்டியிருந்தது. அதை எடுத்து எப்படி ஊற்றினீர்கள்? சீட்டைப் பார்க்கவே இல்லையா? குடித்திருந்தீர்களா?

அண்ணன் சொல்வது இது: “படிக்காதவன்னா போவுதுன்னு விட்டுடலாம். இவன் பேப்பர் படிக்கிறவன், ரிஜிஸ்டர் எழுதுறவன். விஷம்னு எழுதியிருக்கு, எடுத்து ஊத்தியிருக்கான்.” அதற்கு முந்தின நாள், குழந்தை அழுதபோது, ‘நீ நிறுத்துறியா, நான் நிறுத்தட்டுமா’ என்று கத்தினீர்கள். அதை நான் யாரிடமும் சொல்லவில்லை. இன்னும் சொல்லவில்லை.

நீலப் பெட்டியில் காப்பீட்டு அட்டை இருக்கிறது. அண்ணியிடம் கொடுத்தனுப்புங்கள், ஆஸ்பத்திரியில் கேட்கிறார்கள். அதோடு ஒரு வரி. சீட்டைப் பார்த்தீர்களா, இல்லையா?

மதிவதனி


மதகடி
7.11.2025

மதிக்கு,

உன் கடிதத்தை அம்சம் அக்கா கொடுத்தாள். படித்தேன். நீ எழுதியதற்கு நான் என்ன பதில் சொல்வது? நீ சொன்னால் சரியாகத்தான் இருக்கும்.

பாப்பா கண் திறந்தாள் என்று அக்கா சொன்னாள். அன்றுதான் ஒரு வாய் சோறு இறங்கியது. அவளுடைய கவுன் இரண்டும் மஞ்சள் வாத்து பொம்மையும் அனுப்பியிருக்கிறேன். வாத்தைப் பக்கத்தில் வைத்தால் ஊசி போடும்போது அழமாட்டாள்.

இங்கே மழை விட்டு விட்டுப் பெய்கிறது. மேலேயிருந்து தண்ணீர் வரத்தும் அதிகம். நேற்று மூன்று ஷட்டரையும் தூக்கிவிட்டோம். இல்லையென்றால் கிழக்கே நட்ட பயிரெல்லாம் மூழ்கியிருக்கும். குஞ்சிதபாதம் அண்ணனுக்கு முதுகுப் பிடிப்பு. நான்தான் சக்கரத்தைச் சுற்றினேன். வேலை செய்யும்போது ஒன்றும் தெரியவில்லை. உட்கார்ந்தால்தான் தலை வலிக்கிறது.

நீ வேளைக்குச் சாப்பிடு.

பரிதி


தஞ்சாவூர்
8.11.2025

செம்மொழியின் அப்பாவுக்கு,

உங்கள் கடிதத்தை நாலு தடவை புரட்டிவிட்டேன். நான் கேட்டது எங்கே, நீங்கள் எழுதியிருப்பது எங்கே? காப்பீட்டு அட்டை கேட்டேன், வாத்து வந்திருக்கிறது. சீட்டைப் பார்த்தீர்களா என்று கேட்டேன், ஷட்டர் தூக்கிய கதை வந்திருக்கிறது. அழுவதா சிரிப்பதா? அண்ணியைக் கேட்டால், “நான் பாக்கும்போது கையில வச்சுப் பாத்துக்கிட்டே இருந்தான்மா, ஒரு மணி நேரம்” என்கிறார். ஒரு மணி நேரம் பார்த்தவருக்கு இரண்டு கேள்வி கண்ணில் படவில்லையா?

சரி. நான் ஒன்று சொல்கிறேன். இதுவரை யாரிடமும் சொல்லாதது.

அந்தப் பாட்டிலை அங்கே வைத்தது நான். கொல்லையில் கத்தரிச் செடியில் பூச்சி அரித்துக்கொண்டே போகிறது என்று, பக்கத்து வீட்டில் வயலுக்கு அடித்து மீந்த மருந்தைக் கொஞ்சம் கேட்டு வாங்கினேன். வாடையே இல்லாத புது ரகம். ஊற்றி வைக்க வேறு எதுவும் கிடைக்காமல் காலியான சிரப் பாட்டிலில் ஊற்றினேன். குழந்தைக்கு எட்டக் கூடாது என்று மேல் தட்டில் வைத்தேன். சீட்டு எழுதி ஒட்டினேன். வீட்டில் பெரியவர்கள் இரண்டு பேர், இரண்டு பேருக்கும் படிக்கத் தெரியும், அது போதும் என்று நினைத்தேன். பாட்டிலில் எப்படி வந்தது என்று அண்ணன் கேட்கவில்லை. நானும் வாயைத் திறக்கவில்லை. 

ஆனால் நீங்கள்? ஆகஸ்டில் வெயிலில் தலை சுற்றி விழுந்து இரண்டு நாள் படுத்தீர்களே, அதற்குப் பிறகு நீங்கள் நீங்களாக இல்லை. வலது பக்கக் கதவு நிலையில் இடித்துக்கொள்கிறீர்கள். வண்டியை ஆலடி வளைவில் வலது பக்கச் சுவரில் உரசினீர்கள். பேப்பரை மடித்தது மடித்தபடி வைக்கிறீர்கள், கேட்டால் எரிந்து விழுகிறீர்கள். குடிக்கிறீர்கள் என்று நினைத்து உங்கள் சட்டையை மோந்து பார்த்திருக்கிறேன். ஒரு நாளும் வாசனை வரவில்லை. வந்திருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும்.

அண்ணன் புகார் எழுதிக்கொண்டு வந்துவிட்டார். ‘வேண்டுமென்றே’ என்று ஒரு வார்த்தை அதில் இருக்கிறது. கீழே என் கையெழுத்துக்கு இடம் விட்டிருக்கிறார். “புள்ளையா, புருஷனா? முடிவு பண்ணிக்க” என்கிறார். ஆஸ்பத்திரியிலிருந்தும் போலீசுக்குத் தகவல் போயிருக்கிறது. என்னிடம் எழுதி வாங்க வருவார்கள்.

தெரிந்து கொடுத்தீர்களா? ஆமாம் அல்லது இல்லை. எனக்கு ஷட்டர் வேண்டாம், மழை வேண்டாம். ஒரே ஒரு வார்த்தை எழுதுங்கள்.

மதி


மதகடி
10.11.2025

மதிக்கு,

உன் அண்ணன் போலீசில் எழுதப் போவதாக அக்கா அழுதுகொண்டே சொன்னாள். எழுதட்டும். நான்தான் கொடுத்தேன். என் கையால் ஊற்றி, மூக்கைப் பிடித்து, அவள் துப்பியதைத் துடைத்துவிட்டு மறுபடியும் கொடுத்தேன். யார் கேட்டாலும் இதைத்தான் சொல்வேன். நீ கையெழுத்துப் போட்டுவிடு. உன்மேல் எனக்குக் கோபமில்லை.

ஏன் என்று மட்டும் கேட்காதே. அதை உன்னிடம் சொல்வதைவிட ஜெயிலில் இருந்துவிடலாம். எங்கள் தாத்தா பண்ணையில் ஆளாக இருந்தவர். எந்தத் தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமலே காலமெல்லாம் கட்டைவிரலை உருட்டினார். அப்பா கல்யாணமான பிறகு ராத்திரிப் பள்ளிக்கூடத்தில் போய் உட்கார்ந்து எழுத்துக் கற்றுக்கொண்டார். இந்த வீட்டில் இனிமேல் கைநாட்டுக் கிடையாது என்று சொல்லித்தான் எனக்குப் பேர் வைத்தார். அவர் இருந்திருந்தால் இன்று என் முகத்தைப் பார்க்க மாட்டார்.

குஞ்சிதபாதம் அண்ணன் கூப்பிடுகிறார். ஷட்டரை இறக்க வேண்டும். வந்து எழுதுகிறேன்.

உன் அண்ணன் போலீசில் எழுதப் போவதாக அக்கா அழுதுகொண்டே சொன்னாள். எழுதட்டும். நான்தான் கொடுத்தேன். என் கையால் ஊற்றி, மூக்கைப் பிடித்து, துப்பியதைத் துடைத்துவிட்டு மறுபடியும் கொடுத்தேன். நீ கையெழுத்துப் போட்டுவிடு.

பாப்பாவிடம் அப்பா ஊருக்குப் போயிருக்கிறார் என்று சொல்.

பரிதி


தஞ்சாவூர்
11.11.2025

உங்களுக்கு,

இதற்குப் பதில் எழுத வேண்டாம். மதகடியில் நிற்கும் வேப்ப மரத்திலிருந்து ஒரே ஒரு இலையைப் பறித்து, வெற்று உறையில் போட்டு அண்ணியிடம் கொடுங்கள். ஒரு எழுத்துகூட எழுதக் கூடாது. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

மதி


மதகடி
12.11.2025

மதிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. சின்னதாக இருந்தாலும் இரண்டு தடவை படித்தேன். இவ்வளவு சுருக்கமாக எழுதியிருப்பதால் உன் கோபம் ஆறிவிட்டது என்று தெரிந்தது. மனதுக்கு ஆறுதலாக இருந்தது. நீ சொல்லியிருக்கிறபடியே எல்லாம் செய்கிறேன்.

பரிதி


தஞ்சாவூர்
13.11.2025

என்னங்க,

இதை அம்சம் அண்ணி உங்களுக்கு வாசித்துக் காட்டுவார். அவரிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கோபித்துக்கொள்ளாதீர்கள், எனக்கு வேறு வழி தெரியவில்லை. “நான் மூணாங்கிளாஸ்மா, எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன், சிரிப்பானே” என்றார். சிரிக்கமாட்டார் அண்ணி, நீங்கள் மெதுவாகவே படியுங்கள்.

உறையைக் கவிழ்த்துத் தட்டினேன். இலை இல்லை. இரண்டு தடவை படித்தேன் என்று எழுதியிருந்தீர்கள். வராண்டாவில் எல்லாரும் திரும்பிப் பார்க்கும்படி அழுதுவிட்டேன்.

உங்களால் படிக்க முடியவில்லை. ஆகஸ்டிலிருந்தே. இல்லையா?

நடந்ததைச் சொல்கிறேன். பத்தாம் தேதிக் கடிதத்தைப் பிடித்துக்கொண்டு நான் உட்கார்ந்திருந்ததைப் பார்த்து டாக்டர் ஷமீரா என்னவென்று கேட்டார். நீட்டினேன். படித்துவிட்டு, “இவர் ஏன் எழுதினதையே திரும்ப எழுதியிருக்கார்?” என்றார். மன உளைச்சல் என்றேன். அவர் தலையாட்டவில்லை. “எந்திரிச்சுப் போயிருக்கார். திரும்பி வந்து, எங்க விட்டோம்னு தெரியாம முதல்லேருந்து ஆரம்பிச்சிருக்கார். தான் எழுதினதை அவரால பாத்துத் தெரிஞ்சுக்க முடியல. அக்கா, அவர் வலது பக்கம் இடிச்சுக்குவாரா?” என்று கேட்டார். ஆமாம் என்றேன். இலை கேட்கச் சொன்னதும் அவர்தான்.

அண்ணி, இந்த இடத்தை நிதானமாகப் படியுங்கள்.

நூற்று முப்பது வருடத்துக்கும் முன்னால் பாரிசில் ஒரு ஜவுளி வியாபாரி இருந்தார். நன்றாகப் படித்தவர். ஒரு நாள் புத்தகத்தைத் திறந்தால் ஒரு எழுத்தும் புரியவில்லை. கண் தெரிகிறது, மனிதர்கள் தெரிகிறார்கள், பேச்சில் பிசகில்லை. எழுதச் சொன்னால் எழுதுகிறார். எழுதியதை அவரிடமே நீட்டினால் தெரியவில்லை. எண்களை மட்டும் படித்தார். தனக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது என்று பயந்தார். உங்களுக்கும் தண்ணீர் மட்டம் பார்க்கும் கேஜில் எண் தெரிகிறது. அதனால்தான் உங்கள் ரிஜிஸ்டரில் ஒருவரும் குறை கண்டுபிடிக்கவில்லை. அன்று நீங்கள் விழுந்தது வெயிலால் இருக்காது, மூளையில் இடது பக்கம் பின்னால் இரத்தம் அடைத்திருக்கும் என்கிறார் ஷமீரா. வலது பக்கப் பார்வை போனதும், எழுத்து போனதும் ஒரே அடியில். கை எழுதும், ஏனென்றால் எழுதுகிற இடத்தில் அடிபடவில்லை. இது குடியில்லை, பைத்தியமில்லை. நீங்கள் கைநாட்டும் இல்லை. உங்கள் அப்பா இருந்திருந்தால் உங்களைத் தோளில் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடியிருப்பார்.

காலேஜில் சைக்காலஜி படித்தபோது இந்த மாதிரி ஆட்களைத்தான் மனப்பாடம் செய்தேன். ஒரே ஓர் அசையைத் தவிர வேறு பேச வராமல் இருபத்தோரு வருடம் ஆஸ்பத்திரியிலேயே கிடந்தவர். தலையில் இரும்புக்கம்பி பாய்ந்து பிழைத்து, வேறு ஆளாகிப் போன ரயில்பாதைக்காரர். பேச்சு இங்கே இருக்கிறது, குணம் அங்கே இருக்கிறது, படிப்பு பின்னால் இருக்கிறது என்று உலகத்துக்குத் தெரிந்ததே இவர்கள் ஒவ்வொருவராகக் கெட்டதால்தான். எனக்கு அது பத்து மார்க் கேள்வி. படம் வரைந்து பாகம் குறித்தேன். அவர்கள் வீட்டில் அடுப்பு எரிந்ததா, பிள்ளை இருந்ததா, மனைவி சட்டையை மோந்து பார்த்தாளா என்று எந்தப் பாடத்திலும் இல்லை. பக்கத்தில் படுத்திருந்த ஆளிடம் அதே அடையாளம் அத்தனையும் இருந்தும் எனக்குத் தெரியவில்லை. படித்தவளாம்.

இப்போது பாட்டில். ராத்திரி முழுக்க அதையே யோசித்தேன். குழந்தையின் ஒவ்வொரு மருந்துக்கும் எத்தனை மில்லி, எத்தனை வேளை என்று நான் எழுதிச் சீட்டு ஒட்டுவேன். உங்களுக்கு அது தெரியும். அன்று வாங்கிய சிரப்பில் இன்னும் ஒட்டவில்லை. இரண்டு பாட்டிலையும் கையில் எடுத்திருப்பீர்கள். எழுத்து தெரியவில்லை, ஆனால் சீட்டு தெரிந்தது. மதி சீட்டு ஒட்டியிருக்கிறாள், இதுதான் பாப்பாவின் மருந்து என்று எடுத்தீர்கள். இல்லையா? நீங்கள் என்னை நம்பித்தான் ஊற்றினீர்கள்.

அந்தச் சீட்டில் ஒரு மண்டையோடு வரைந்திருந்தால் போதும். படம் உங்களுக்குத் தெரிந்திருக்கும். எனக்குத் தோன்றாமல் இல்லை. பேனாவை வைத்தபோது தோன்றியது. படம் போடுவதெல்லாம் படிக்காதவர்கள் வீட்டில், நம் வீட்டில் எதற்கு என்று எழுத்தோடு நிறுத்திக்கொண்டேன். அந்தத் திமிரில்தான் நம் பிள்ளை மூன்று நாள் குழாயோடு கிடந்தாள்.

அண்ணி, அழாமல் படியுங்கள். இனிமேல்தான் முக்கியம்.

இன்று காலை போலீஸ்காரர் வந்தார். பாட்டிலில் ஊற்றி வைத்தது நான் என்று சொல்லி எழுதிக் கொடுத்துவிட்டேன். அண்ணன் புகாரில் கையெழுத்துப் போடவில்லை. உங்களால் படிக்க முடியாது என்றும் சொன்னேன். அவர் பேனாவை மூடிவிட்டார். “ஏம்மா, இவ்ளோ அழகா எழுதுறவனுக்குப் படிக்கத் தெரியாதா? யாருகிட்ட கத விடுற?” என்றார். அண்ணன் உங்கள் பத்தாம் தேதிக் கடிதத்தை என் பையிலிருந்து எடுத்துப் போனில் படம் பிடித்து அவரிடம் காட்டிவிட்டார். ‘நான்தான் கொடுத்தேன், மறுபடியும் கொடுத்தேன்.’ முத்து முத்தான கையெழுத்து. என்னிடம் பேசுவதை அண்ணன் நிறுத்திவிட்டார். திங்கட்கிழமை இன்ஸ்பெக்டர் உங்களைத் தேடி மதகடிக்கு வருகிறார்.

அவர் வருவதற்கு முன்னால் நீங்கள் இங்கே வந்தாக வேண்டும். நரம்பு டாக்டரிடம் ஷமீரா பேசிவிட்டார். ஸ்கேன் எடுத்துப் பார்த்துச் சான்று எழுதித் தருவார்களாம். அது இல்லாமல் என் பேச்சை ஒருவரும் நம்பப் போவதில்லை. வேலை போய்விடும் என்று பயப்படுகிறீர்கள். போகலாம். போகாமலும் இருக்கலாம். எனக்குத் தெரியாது.

ஆனால் ஒன்று தெரியும். அந்த ஜவுளி வியாபாரி நாலு வருடம் அப்படியே இருந்தார். பிறகு இரண்டாவது அடைப்பு வந்தது. ஒரே நாளில் எழுதுவதும் போனது, சில நாளில் அவரும் போனார். மூளையில் எந்த இடம் என்று அதற்குப் பிறகுதான் அறுத்துப் பார்த்துத் தெரிந்துகொண்டார்கள். நீங்கள் இந்த மூன்று மாதமாக ஒரு மாத்திரை இல்லாமல் ஷட்டர் மேல் ஏறி இறங்குகிறீர்கள், தலை வலிக்கிறது என்று எழுதுகிறீர்கள். கீழே ஆறு போகிறது. என்னால் கண்ணை மூட முடியவில்லை. உங்களை வைத்து யாரும் எதையும் கண்டுபிடிக்க வேண்டாம். உங்களை எனக்கு வேண்டும், செம்மொழிக்கு வேண்டும். அவள் இன்று இட்லி கேட்டாள்.

வாயால் சொல்லியனுப்பினால் குஞ்சிதபாதம் அண்ணனைக் கும்பிட்டது போல அண்ணியையும் கும்பிட்டு அனுப்பிவிடுவீர்கள். அதனால்தான் எழுதுகிறேன்.

கடைசித் தாளை அண்ணி படிக்க வேண்டாம், உங்கள் கையில் கொடுத்துவிடட்டும். ஒவ்வொரு எழுத்தையும் உள்ளங்கை அகலத்துக்கு எழுதியிருக்கிறேன். கண்ணால் பார்க்காதீர்கள். ஆள்காட்டி விரலை எழுத்தின் மேல் வைத்து, நீங்களே எழுதுவதுபோல ஓட்டுங்கள். என்ன எழுத்து என்று கை சொல்லும். சிலருக்கு இப்படி வருமாம். உங்களுக்கு வருமா என்று தெரியாது. வராவிட்டால் அதையும் எழுதுங்கள்.

மதி

பாட்டிலை வைத்தது என் தப்பு.
உங்களைப் பார்க்க வேண்டும்.
வலது பக்கம் பார்த்து வாங்க.
வர முடியாவிட்டால் சீக்கிரம் பதில் எழுதுங்க.